கடல் சூழ்ந்த களம் – 14: நான்கு வேகங்கள்

சென்ற வாரம் கிளைவ் லாயிடை லார்ட்ஸ் மாடத்தில் உலகக் கோப்பையோடு விட்டுவிட்டு வந்தோம். அது 1975 ஜூன் 21. அங்கிருந்து ஏழரை மாதம் தள்ளி, 1976 பிப்ரவரித் தொடக்கத்தில் மெல்போர்னுக்குப் போனால், அதே லாயிட் 1–5 என்ற தோல்விக் கணக்கோடு நிற்கிறார். லார்ட்ஸில் எந்த ஆஸ்திரேலியாவை வீழ்த்தினாரோ அதே ஆஸ்திரேலியாதான் அவரை ஆறு டெஸ்டுகளில் ஐந்து முறை தோற்கடித்திருந்தது.

அந்த ஒரே வெற்றி பெர்த்தில் கிடைத்தது. ராய் ஃபிரடெரிக்ஸ் லில்லியையும் தாம்சனையும் ஹூக்கும் கட்டுமாக விளாசி 169 எடுத்தார், ஆண்டி ராபர்ட்ஸ் 54 ரன் கொடுத்து 7 விக்கெட் எடுத்தார், இன்னிங்ஸ் வெற்றி. மற்ற ஐந்து ஆட்டங்களிலும் ஒரே கதைதான். டென்னிஸ் லில்லியும் ஜெஃப் தாம்சனும் நெஞ்சுக்கும் தலைக்கும் எறிவார்கள், மேற்கிந்தியர்கள் ஹூக் அடிப்பார்கள், எல்லைக்கோட்டருகே கேட்ச் ஆகும். கேலரியிலிருந்து நிறத்தைச் சொல்லி வசை வரும். சிட்னியில் இயான் சாப்பலின் மட்டையில் பட்டு விக்கெட் கீப்பர் கைக்குப் போனதாக மேற்கிந்திய அணி முழுக்க நம்பிய ஒரு பந்துக்கு அவுட் கொடுக்கப்படவில்லை. வீசிய மைக்கேல் ஹோல்டிங்குக்கு அப்போது 21 வயது. முதல் டெஸ்ட் தொடர். களத்திலேயே அழுதுவிட்டார்.

அந்தத் தோல்விக்கு உலகம் ஒரு விளக்கத்தை ஏற்கெனவே எழுதி வைத்திருந்தது: இவர்கள் கலிப்ஸோக்காரர்கள், மனம் போனபடி ஆடுவார்கள், நாள் நன்றாக இருந்தால் ஜெயிப்பார்கள், நெருக்கினால் நொறுங்குவார்கள். 1950-இல் ராமதீனும் வாலன்டைனும் லார்ட்ஸில் 18 விக்கெட்டுகளைப் பகிர்ந்துகொண்டு இங்கிலாந்தை வீழ்த்தியபோது, கலிப்ஸோப் பாடகர் லார்ட் கிச்சனர் முன்னே ஆட, குடியேறிகளின் ஊர்வலம் பிக்காடிலி வரை பாடிக்கொண்டே போனதை இந்தத் தொடரின் ஐந்தாம் அத்தியாயத்தில் பார்த்தோம். அந்த மக்கள் தங்கள் வெற்றியைத் தங்கள் இசையில் பாடினார்கள். அந்த இசையின் பெயரையே எடுத்து, யோசிக்கத் தெரியாதவர்களின் கிரிக்கெட் என்று முத்திரை குத்தியது பாராட்டுப் போல் வந்த இழிவு. கரும்புத் தோட்டத்தில் அடிமையாக நின்றவன் சிரித்தாலும் ஆடினாலும் அது அவன் பிறவிக்குணம், திட்டமிடுவது மட்டும் தோட்ட முதலாளியின் வேலை என்ற பழைய எண்ணம்தான் அதற்குள் இருக்கிறது. ஃபிராங்க் வொரெல் 1960-இல் முழுத் தொடருக்குத் தலைவராகும் வரை கறுப்பினத்தவர் ஒருவரை அந்தப் பொறுப்பில் வைக்காததற்குச் சொல்லப்பட்ட காரணமும் அதுவே.

1976 என்ற ஒரே ஆண்டில் லாயிட் இந்த எண்ணத்தை உடைத்தார். அதனால்தான் இந்த ஓராண்டுக்கு ஓர் அத்தியாயம் முழுவதையும் ஒதுக்குகிறேன்.

லாயிட் ஜார்ஜ்டவுன்காரர். சிறுவனாக இருந்தபோது சண்டை போட்டுக்கொண்ட இருவரை விலக்கப் போய்க் கண்ணில் அடிபட்டு, அதிலிருந்து கண்ணாடி போட்டவர். கயானாவின் மாபெரும் ஆஃப் ஸ்பின்னர் லான்ஸ் கிப்ஸ் அவருக்கு ஒன்றுவிட்ட அண்ணன். மெல்போர்ன் தோல்விதான் கிப்ஸின் கடைசி டெஸ்ட். ஃபிரெட் ட்ரூமனின் 307 விக்கெட் சாதனையைத் தாண்டி, 309-இல் நிறுத்தி, அவர் விடைபெற்றார். ஆகவே நாடு திரும்பிய லாயிடுக்கு இரண்டு கேள்விகள் இருந்தன. கிப்ஸின் இடத்தில் யார்? லில்லி–தாம்சனிடம் கற்ற பாடத்தை என்ன செய்வது?

முதல் கேள்விக்கு விடை தேடியது போர்ட் ஆஃப் ஸ்பெயினில், 1976 ஏப்ரலில், இந்தியாவுக்கு எதிராக. அந்த டெஸ்ட் நடக்க வேண்டிய இடமே வேறு. கயானாவில் மழை கொட்டியதால் ட்ரினிடாடுக்கு மாற்றினார்கள். குவீன்ஸ் பார்க் ஓவல் சுழலுக்கு இடம் கொடுக்கும் ஆடுகளம். 1971-இல் இந்தியா மேற்கிந்தியரை முதன்முதலாக வீழ்த்திய மண்ணும் அதுதான். லாயிட் மூன்று சுழல்பந்து வீச்சாளர்களை இறக்கினார்: ரஃபீக் ஜுமாதீன், இம்தியாஸ் அலி, ஆல்பர்ட் பாட்மோர். ஆண்டி ராபர்ட்ஸ் அந்த ஆட்டத்தில் இல்லை. நான்காம் இன்னிங்ஸில் இந்தியாவுக்கு 403 ரன் இலக்கு வைத்து டிக்ளேர் செய்தார். அதுவரை டெஸ்ட் வரலாற்றில் நானூறுக்கு மேல் துரத்தி ஜெயித்தது ஒரே ஒரு முறை, 1948-இல் பிராட்மனின் ஆஸ்திரேலியா.

கவாஸ்கர் 102. விஸ்வநாத் 112. மொஹிந்தர் அமர்நாத் நாள் முழுக்க நங்கூரமிட்டு 85. நான்கு விக்கெட்டுக்கு 406 எடுத்து இந்தியா ஜெயித்தது. ட்ரினிடாடின் கேலரியில் ஏராளமான இந்திய வம்சாவளியினர். கரும்பு வெட்டக் கப்பலேறிப் போனவர்களின் பேரப்பிள்ளைகள். அன்று அவர்களில் பலர் கொண்டாடியது இந்திய வெற்றியைத்தான். தங்களைச் சொந்தத் தீவிலேயே இரண்டாம் இடத்தில் வைத்திருக்கிறார்கள் என்ற மனக்குறை அதன் பின்னால் இருந்தது. மேற்கிந்திய அணி எல்லாத் தீவுகளையும் ஒன்றாகக் கட்டியது என்று எழுதும் எவரும் இந்தக் கேலரியையும் சேர்த்தே எழுத வேண்டும்.

ஒன்பது நாள் கழித்து, ஏப்ரல் 21-ஆம் தேதி, ஜமைக்காவின் சபைனா பார்க். கிங்ஸ்டன் ஹோல்டிங்கின் சொந்த ஊர். லாயிட் நான்கு வேகப்பந்து வீச்சாளர்களை இறக்கினார்: ஹோல்டிங், அறிமுக ஆட்டக்காரரான 20 வயது வேய்ன் டேனியல், வான்பர்ன் ஹோல்டர், பெர்னார்ட் ஜூலியன். ஆடுகளத்தில் ஒரு முனையில் பந்து சீராக எழும்பவில்லை. முதல் விக்கெட்டுக்கு கவாஸ்கரும் அன்ஷுமன் கெய்க்வாடும் 136 சேர்த்தார்கள். அதன்பிறகு ஹோல்டிங் ஸ்டம்புக்கு மறுபக்கமாக வந்து உடம்பைக் குறிவைத்து வீசத் தொடங்கினார். யார் தலையிலும் ஹெல்மெட் இல்லாத காலம் அது. 81 ரன் எடுத்திருந்த கெய்க்வாடின் காதில் பந்து பட்டது, மருத்துவமனைக்குக் கொண்டுபோனார்கள். விஸ்வநாத்தின் விரல் முறிந்தது. பிரிஜேஷ் பட்டேலின் வாய் கிழிந்து தையல் போட வேண்டியதாயிற்று. இந்தியத் தலைவர் பேடி 306/6-இல் முதல் இன்னிங்ஸை டிக்ளேர் செய்தார், தன்னையும் சந்திரசேகரையும் காப்பாற்றிக்கொள்ள. இரண்டாம் இன்னிங்ஸ் 97 ரன்னில் நின்றது. விழுந்தவை ஐந்தே விக்கெட். மீதி ஐந்து பேர் ஆட வரவே இல்லை. பயணக் குழுவின் பதினேழு பேரும் அந்த டெஸ்டில் ஏதோ ஒரு நேரத்தில் ஃபீல்டிங் செய்திருந்தார்கள்.

அதே ஆண்டு வெளிவந்த 'ஸன்னி டேஸ்' நூலில் கவாஸ்கர் கிங்ஸ்டன் கூட்டத்தைப் பற்றிக் கடுங்கோபத்தோடு எழுதினார். ஒவ்வொரு அடிக்கும் ஆரவாரம் செய்த கூட்டம் அது. அந்தக் கோபம் நியாயமானது என்றே நினைக்கிறேன்.

1976-இன் கதையைப் படமாகவும் புத்தகமாகவும் சொல்பவர்கள் இங்கிலாந்தில்தான் தொடங்குகிறார்கள். ஆண்ட எஜமானனைப் பழைய அடிமை வென்றான் என்று சொல்ல அது வசதி. ஆனால் நான்கு வேகங்களின் முழு வீச்சை முதலில் தாங்கியவர்கள், அதே பேரரசின் கீழ் அதே காலத்தில் கிடந்த இன்னொரு நாட்டவர். வென்றே ஆகவேண்டும் என்று லாயிட் எடுத்த முடிவுக்குள் விடுதலை மட்டும் இல்லை, இரக்கமின்மையும் இருந்தது. இரண்டையும் ஒருசேரச் சொல்லாவிட்டால் அந்த அணியின் வரலாறு பாதிதான். சேப்பாக்கத்தில் 1975 ஜனவரியில் ஆண்டி ராபர்ட்ஸ் 64 ரன்னுக்கு 7 விக்கெட் எடுத்தபோது மறுமுனையில் விஸ்வநாத் ஆட்டமிழக்காமல் எடுத்த 97-ஐ நம் ஊரில் இன்றும் பேசுகிறார்கள். இரண்டு பக்கத்துத் திறமையும் முழுதாக வெளிப்பட்ட ஆட்டம் அது. அந்த மட்டைக்காரரின் விரலைத்தான் கிங்ஸ்டன் முறித்தது.

இனி இங்கிலாந்து.

தொடர் தொடங்கும் முன் பிபிசி தொலைக்காட்சியில் இங்கிலாந்துத் தலைவர் டோனி கிரெய்க் பேட்டி கொடுத்தார். மேற்கிந்தியர்கள் மேலே இருக்கும்போது அபாரமானவர்கள், கீழே விழுந்தால் மண்டியிட்டுத் தவழ்வார்கள், பிரையன் க்ளோஸ் போன்ற சிலரின் துணையோடு அவர்களை அப்படித் தவழ வைக்கப்போகிறேன் என்றார். எந்த வெள்ளையர் வாயிலிருந்து வந்திருந்தாலும் சுட்டிருக்கும். கிரெய்கோ தென்னாப்பிரிக்காவில் பிறந்து வளர்ந்தவர். அந்த உச்சரிப்போடு சொன்னார். ஜூன் 16-ஆம் தேதி தென்னாப்பிரிக்காவின் சொவேட்டோவில் பள்ளிப் பிள்ளைகள் மீது காவல்துறை சுட்டது. மறுநாள் லார்ட்ஸ் டெஸ்ட் தொடங்கியது. ஜூலையில், தென்னாப்பிரிக்காவோடு ரக்பி ஆடிய நியூஸிலாந்தை எதிர்த்து ஆப்பிரிக்க நாடுகள் மான்ட்ரியல் ஒலிம்பிக்கைப் புறக்கணித்தன. அவற்றோடு சேர்ந்து விலகிய நாடுகளில் லாயிடின் கயானாவும் ஒன்று. அந்தப் பேட்டியை மனதில் வைத்துக்கொண்டு மேற்கிந்திய ஆட்டக்காரர்கள் ஆடியது இந்தச் செய்திகளுக்கு நடுவில்.

முதல் இரண்டு டெஸ்டுகள் டிரா. மூன்றாவது ஓல்ட் டிராஃபர்டில். இங்கிலாந்து முதல் இன்னிங்ஸில் 71-க்குச் சுருண்டது. ஹோல்டிங் 17 ரன் கொடுத்து 5 விக்கெட். கார்டன் கிரீனிட்ஜ் இரண்டு இன்னிங்ஸிலும் சதம். சனிக்கிழமை மாலை, 45 வயது க்ளோஸும் 39 வயது ஜான் எட்ரிச்சும் கடைசி 80 நிமிடம் தாங்க வந்தார்கள். க்ளோஸின் விலாவிலும் நெஞ்சிலும் பந்துகள் இறங்கிக்கொண்டே இருந்தன. அவர் தடவிக்கூடப் பார்க்கவில்லை. நடுவர் பில் ஆலி ஹோல்டிங்கை எச்சரித்தார். நம் ஆட்கள் வரம்பு மீறிவிட்டார்கள், வேகத்துக்காகத் துல்லியத்தை விட்டுவிட்டார்கள் என்று லாயிடே பின்னர் ஒப்புக்கொண்டார்.

அவர் குறையாகச் சொன்னதைக் கவனியுங்கள்: துல்லியம். உணர்ச்சி வேகத்தில் ஆடும் அணியின் தலைவர் பேசுகிற பேச்சு அல்ல இது.

ஆகஸ்டில் ஓவல். அந்தக் கோடை இங்கிலாந்து கண்ட கொடிய வறட்சிகளில் ஒன்று. மைதானம் முழுக்கப் புல் கருகிப் பழுப்பேறிக் கிடந்தது. ஆடுகளம் சுத்தமாகச் செத்திருந்தது. விவியன் ரிச்சர்ட்ஸ் 291 எடுத்தார். அந்த ஆண்டு மட்டும் அவர் குவித்த டெஸ்ட் ரன்கள் 1,710. முப்பது ஆண்டுகள் யாரும் அதைத் தொடவில்லை. மேற்கிந்தியம் 687/8. பதிலுக்கு டென்னிஸ் ஆமிஸ் 203 எடுத்தார். மே மாதம் லார்ட்ஸில் ஹோல்டிங்கின் பந்து தலையில் பட்டு வீழ்ந்தவர், நிற்கும் முறையையே மாற்றிக்கொண்டு திரும்பி வந்து எடுத்த இரட்டைச் சதம் அது. அதற்கும் ஒரு வணக்கம்.

எழும்பவே மறுத்த அந்த ஆடுகளத்தில் ஹோல்டிங் 92-க்கு 8, 57-க்கு 6, மொத்தம் 14 விக்கெட் எடுத்தார். பவுன்சருக்கு அங்கே வேலையே இல்லை. காற்றில் முழு நீளத்துக்கு, காலடிக்கும் ஸ்டம்புக்கும் வீசினார். விழுந்தவற்றில் பெரும்பாலானவை போல்டும் எல்பிடபிள்யூவும்தான். அவர் ஓடி வரும் சத்தமே நடுவர்களுக்குக் கேட்காது. 400 மீட்டர் ஓட்டக்காரரின் ஓட்டம். கிரெய்கை இரு இன்னிங்ஸிலும் போல்டாக்கினார். ஓவலை ஒட்டி பிரிக்ஸ்டன். தெற்கு லண்டனின் கரீபியக் குடியேறிகள் வாழும் பகுதி. 1948-க்குப் பின் கப்பலேறி வந்து பேருந்து ஓட்டியவர்கள், மருத்துவமனைகளில் தாதியாக உழைத்தவர்கள், அவர்களின் பிள்ளைகள் எல்லாம் தகரமும் மேளமும் கொண்டுவந்து மைதானத்தை நிரப்பினார்கள். அவர்கள் உட்கார்ந்திருந்த திறந்த கேலரியை நோக்கிக் கிரெய்க் சில அடி தவழ்ந்து காட்டினார். தன் பேச்சுக்கு அவர் கொடுத்த விலை. சிரித்துக்கொண்டே கொடுத்தார், கூட்டமும் ஏற்றுக்கொண்டது. தொடர் 3–0. அதே மாதக் கடைசியில் நாட்டிங் ஹில் திருவிழாவில் கறுப்பின இளைஞர்களும் போலீஸும் மோதிக்கொண்டார்கள். ஓவலில் ஆரவாரம் செய்த தலைமுறைக்கு வீட்டுக்கு வெளியே கிடைத்த வாழ்க்கை எப்படி இருந்தது என்பதற்கு அந்த மோதல் சாட்சி.

நான்கு வேகங்களின் ஆட்டமுறை எப்படி இயங்கியது? ஒரு வேகப்பந்து ஜோடி எவ்வளவு கொடியதாக இருந்தாலும் ஒன்றரை மணி நேரத்தில் களைத்துவிடும்; மட்டைக்காரர் அதுவரை தாங்கினால் போதும், பிறகு மூச்சு விடலாம். நூறாண்டுகளாக டெஸ்ட் மட்டையாட்டத்தின் அடிப்படைக் கணக்கு அதுதான். லாயிட் நான்கு பேரை வைத்து அந்த மூச்சு விடும் நேரத்தை ஒழித்தார். இருவர் வீச, இருவர் இளைப்பாற, நாள் முழுக்கப் புதுக் கால்கள். நால்வரும் ஒரே அச்சு இல்லை. ராபர்ட்ஸ் ஒரே கை அசைவில் இரண்டு பவுன்சர் வைத்திருந்தார். மெதுவானதை முதலில் அடிக்க விட்டு, வேகமானதை அடுத்து அனுப்புவார். அடுத்த ஆண்டு வந்த ஜோயல் கார்னர் 6 அடி 8 அங்குல உயரத்திலிருந்து காலடிக்கு யார்க்கர் இறக்குவார். பின்னால் வந்த மால்கம் மார்ஷல் உயரத்தில் குறைந்தவர்; அவரிடம் ஸ்விங் இருந்தது.

இந்தப் படிப்பை அவர்கள் இங்கிலாந்திலேயே படித்தார்கள். 1968-இல் கவுண்டி அணிகள் வெளிநாட்டவரை உடனடியாகச் சேர்க்க வழி திறந்தது. லாயிட் லங்காஷயரில், ரிச்சர்ட்ஸ் சாமர்செட்டில், ராபர்ட்ஸும் கிரீனிட்ஜும் ஹாம்ப்ஷயரில் வாரத்துக்கு ஆறு நாள் ஆடினார்கள். 1972-இல் ராபர்ட்ஸையும் ரிச்சர்ட்ஸையும் லண்டனில் ஆல்ஃப் கோவரின் கிரிக்கெட் பள்ளிக்கு அனுப்ப, ஆன்டிகுவாவில் ஊர்க்காரர்கள் பணம் திரட்டினார்கள். ராபர்ட்ஸ் மீனவர் மகன். அந்தத் தீவு அப்போது டெஸ்ட் மைதானம்கூட இல்லாத ஊர். அங்கே முதல் டெஸ்ட் 1981 மார்ச்சில் நடந்தது, ரிச்சர்ட்ஸ் சதமடித்தார்; நாடு விடுதலை பெற்றது அதே ஆண்டு நவம்பரில். கொடி ஏறுவதற்கு ஏழு மாதம் முன்பே அந்தத் தீவு உலகத்தின் முன் எழுந்து நின்றுவிட்டது.

எழுந்து நிற்க அந்த மக்களுக்கு வேறு பொது இடம் ஏது? 1958-இல் தீவுகள் சேர்ந்து அமைத்த கூட்டாட்சி, ஜமைக்கா பொதுவாக்கெடுப்பில் விலகியதும் 1962 மே மாதத்தோடு கலைந்தது. அதன்பின் ஒவ்வொரு தீவுக்கும் தனிக் கொடி, தனிப் பிரதமர். எல்லோருக்கும் பொதுவாக மிஞ்சியவை பல்கலைக்கழகமும் கிரிக்கெட் அணியும்தான். எல்லாத் தீவுகளும் கயானாவும் சேர்ந்தாலும் மக்கள்தொகை அன்று அரைக் கோடியை ஒட்டித்தான் இருக்கும். மைக்கேல் மேன்லி, ஜமைக்காவின் பிரதமராக எட்டாண்டு இருந்தவர், பதவியில் இல்லாத இடைவெளியில் உட்கார்ந்து எழுதியது மேற்கிந்திய கிரிக்கெட்டின் முழு வரலாறு. ஓர் அரசியல்வாதியின் பொழுதுபோக்கு என்று அதைத் தள்ள முடியாது. தன் மக்கள் ஒன்றாகச் செயல்பட்டு வென்ற ஒரே துறையை அவர் ஆவணப்படுத்தினார். ரிச்சர்ட்ஸ் மணிக்கட்டில் அணிந்த சிவப்பு, பொன், பச்சைப் பட்டையையும், ஹெல்மெட் வந்த பின்னும் தொப்பியோடு நின்ற அவர் நிலையையும் அந்த மக்கள் அப்படித்தான் படித்தார்கள்.

1980 மார்ச்சிலிருந்து 1995 மே வரை மேற்கிந்திய அணி ஒரு டெஸ்ட் தொடரையும் இழக்கவில்லை. ஓவர்கள் மெதுவாக நகர்ந்தன, பார்ப்பவர்கள் சலித்தார்கள், 1991-இல் ஒரு மட்டைக்காரருக்கு ஓவருக்கு ஒரே பவுன்சர் என்று விதி வந்தது. லில்லியும் தாம்சனும் எறிந்தபோது வராத விதி இப்போது ஏன் என்று தீவுகளில் கேட்டார்கள். கேள்வியில் நியாயம் உண்டு. கிங்ஸ்டனை நினைத்துப் பார்த்தால் விதியிலும் நியாயம் உண்டு.

இழப்பும் இருந்தது. ராமதீன், வாலன்டைன், கிப்ஸ் என்று தொடர்ந்த சுழல் மரபு போர்ட் ஆஃப் ஸ்பெயினோடு ஏறக்குறைய அறுந்தது. இம்தியாஸ் அலி அதன்பின் டெஸ்ட் ஆடவே இல்லை; பாட்மோருக்கு இன்னும் ஒன்றே ஒன்று கிடைத்தது. சுழலை நம்பி வளர்ந்தவர்களில் ட்ரினிடாட், கயானா இந்திய வம்சாவளிப் பிள்ளைகள் பலர் இருந்ததால், அணியின் வாசல் அவர்களுக்குக் குறுகியது. அந்த வருத்தம் ட்ரினிடாடில் நீண்ட காலம் பேசப்பட்டது. அதைத் தனியாக இருபதாம் அத்தியாயத்தில் எடுத்துக்கொள்கிறேன்.

ஓவல் வெற்றிக்குப் பிறகு ஊர் திரும்பிய உலகின் தலைசிறந்த அணிக்கு வாரியம் கொடுத்த ஊதியம் மிகச் சொற்பம். 1977-இல் ஆஸ்திரேலியத் தொலைக்காட்சி முதலாளி கெர்ரி பேக்கர் அந்த அணியை ஏறக்குறைய முழுதாக விலைக்கு எடுத்தார். அவருக்காக ரகசியமாக ஆள் சேர்த்தவர்களில் ஒருவர் டோனி கிரெய்க். லாயிடும் அவரும் ஒரே பக்கம் நின்ற அந்த இரண்டாண்டுகளை அடுத்த வாரம் பார்ப்போம்.

(தொடரும்)